சிவப்புப் புள்ளி எரிந்ததா?

நேபாளத்தில் ஐலண்ட் பீக் என்ற மலையில் ஏறப்போகும் நாலு பேரைப் படம்பிடித்துத் தர முடியுமா என்று கேட்டதும் சரி என்று சொல்லிவிட்டேன். மலையேற்றம் கொஞ்சம் பழக்கம், கேமராதான் பிழைப்பு, வேறென்ன வேண்டும் என்று நினைத்தது எவ்வளவு தப்பு என்பது 3,440 மீட்டரில் இருக்கும் நாம்சே பஜாரிலேயே புரிந்துவிட்டது. ஏறுகிறவர் ஒரு தடவைதான் ஏறுகிறார். அவர் நம்மைப் பார்த்து நடந்து வருகிற ஷாட் வேண்டுமென்றால் நாம் முன்னால் ஓடிப் போய் நிற்க வேண்டும், அவர் கடந்து போனபின் மறுபடி ஓடிப் பிடிக்க வேண்டும். 5,500 மீட்டரில் காற்றழுத்தம் கடல் மட்டத்தில் இருப்பதில் பாதிதான். மூன்றாம் நாளோடு ஓட்டத்தை விட்டுவிட்டேன். பாதை வளைந்து வளைந்து ஏறும் இடங்களை ஷெர்பா வழிகாட்டியிடம் முந்தின இரவே கேட்டு வைத்துக்கொண்டு, நானே மூச்சு வாங்க நிற்கிற வளைவிலிருந்து, கீழேயிருந்து ஏறி வருகிறவர்களை எடுக்க ஆரம்பித்தேன்.

மூச்சு இன்னொரு வகையிலும் படுத்தியது. கேமரா ஆடாமல் இருக்க மூச்சை அடக்குவது கைப்பழக்கம். அங்கே பத்து விநாடி அடக்கினால் அடுத்த ஒரு நிமிஷம் இளைத்துத் தள்ளும், அதற்குள் நல்ல ஷாட் ஒன்று கண்ணெதிரே நடந்து போய்விடும். நடைக்கோலை ஊன்றி அதன்மேல் கேமராவை அழுத்திக்கொண்டு, மூச்சை மெதுவாக வெளியே விட்டபடி எடுப்பதுதான் எனக்குச் சரிப்பட்டது.

குளிரைப் பற்றி எல்லோரும் எச்சரித்திருந்தார்கள். அறுபது சதவீதம் காட்டிய பேட்டரி திடீரென்று செத்துவிடும், சட்டைக்குள் வைத்துச் சூடாக்கினால் எழுந்து வரும், அதனால் ராத்திரி அத்தனையும் ஸ்லீப்பிங் பேக்கில் என்னோடுதான் தூங்கின. கேமராவை மட்டும் கூடாரத்துக்குள் கொண்டுவரக் கூடாது, லென்ஸுக்குள் ஈரம் படிந்துவிடும். ஜிப் பைக்குள் போட்டு மூடி வாசலிலேயே விட்டேன். யாரும் சொல்லாதது ஒன்று உண்டு: என் போலரைஸ்டு குளிர்கண்ணாடி வழியாகப் பார்த்தால் கேமராத் திரை ஒரு கோணத்தில் முழுக்கக் கறுப்பு. பனியைச் சாம்பல் நிறமாக்கிவிடும் கேமராவின் ஒளி மீட்டரை நம்பாமல், ஒரு ஸ்டாப், அதாவது இரண்டு மடங்கு வெளிச்சம், கூட்டி வைத்துவிட்டுக் குத்துமதிப்பாக எடுத்தேன்.

1996இல் படமெடுப்பாளர் டேவிட் பிரீஷியர்ஸின் குழு ஐமேக்ஸ் கேமராவை எவரெஸ்ட் உச்சிக்கே கொண்டுபோனது. அதில் ஒரு பிலிம் சுருள் சுமார் 90 விநாடிதான் ஓடும். என்னிடமோ மணிக்கணக்கில் பதிவாகும் கார்டு. அப்படியிருந்தும் கோட்டை விட்டேன்.

நள்ளிரவு தாண்டிக் கிளம்பி, கயிற்றைக் கவ்விப் பிடிக்கும் ஜுமார் கருவியை மாட்டிப் பனிச்சுவர் ஏறி, உச்சியில் நாலு பேரும் கட்டிப்பிடித்து அழுததைத் தடித்த கையுறையோடு எடுத்தேன். கீழே வந்து பார்த்தால் உச்சிக்கு முந்தின இருபது நிமிஷமும் என் பூட்ஸும் என் மூச்சிரைப்பும்தான். வழியில் எங்கேயோ கை பட்டு ஓட ஆரம்பித்திருக்கிறது, உச்சியில் 'ரெக்கார்ட்' என்று நினைத்து அமுக்கியபோது நின்றிருக்கிறது. பதிவாகும்போது திரையில் எரியும் சிவப்புப் புள்ளியை ஒரு தடவை பார்த்திருக்கலாம். அந்த உயரத்தில் அது தோன்றவில்லை, அவ்வளவுதான்.

முடிந்த படத்தில் உச்சிக் காட்சி பன்னிரண்டு விநாடி வருகிறது. எங்கள் வழிகாட்டி தன் போனில் எடுத்தது, கொஞ்சம் சாய்ந்திருக்கும்.