உள்ளேன் ஐயா

எங்கள் உயர்தர வகுப்பில் வரவு இடாப்பில் பெயர் கூப்பிடும்போது வெறுமனே "சேர்" என்று குரல் கொடுத்தால் அளவையியல் (தர்க்கம்) ஆசிரியர் பேனையை அசைக்க மாட்டார். "உள்ளேன் ஐயா" என்று முழுதாகச் சொல்ல வேண்டும். மட்டக்களப்பின் மண்முனைத் துறைக்குப் பாலம் வராத காலம். வாவியின் மேற்குக் கரையான படுவான்கரையிலிருந்து 'பாதை' என்று நாம் சொல்லும் மிதவையில் வாவியைக் கடந்து, மிச்சத் தூரம் சைக்கிள் உழக்கி வருவார். காற்சட்டை ஓரம் நனைந்திருக்கும். அதைத் துடைக்கவும் நிற்காமல் இடாப்பைத் திறப்பார்.

காரைதீவில் பிறந்த விபுலாநந்த அடிகள் 1936இல் சென்னையில் கலைச்சொல்லாக்க மாநாட்டுக்குத் தலைமை தாங்கியவர். அடிகளிடம் படித்தவர்களிடம் படித்தவர் நம் ஆசிரியர். எந்தச் சொல்லையும் வேரோடு பிடுங்கிப் பார்ப்பார்.

'உள்' என்பதுதான் வேர் என்றார். உள்ளேன், உளது, உண்டு எல்லாம் அதன் கிளைகள். உண்மையும் அப்படித்தான்: உள்ளதாம் தன்மை. "உள்ளதச் சொல்லு மனெ" என்று நம் ஊர்க் கிழவிகள் கேட்பார்களே, அங்கே இருப்பதும் மெய்யும் ஒன்றாகிவிடுகின்றன. உண்டு என்பது நான், நீ, அவள், அவை என யாருக்கும் உருமாறாது. நன்னூல் அதை இல்லை, வேறு ஆகியவற்றோடு சேர்த்து வைக்கிறது. "நானுண்டு என் வேலையுண்டு" என்கிறோம், "அவனுண்டு" என்கிறோம். உள்ளேன் அப்படியல்ல. சொல்லுகிற ஆளும் அதற்குள் இருக்கிறார். இடாப்புக்கு அதையே அவர் கேட்டது அதனால்தான்.

ஆங்கிலத்தின் எக்சிஸ்டென்ஸ் லத்தீனிலிருந்து வந்தது. எக்ஸ் என்றால் வெளியே, சிஸ்தெரே என்றால் நிற்றல், நிற்கவைத்தல். வெளிப்பட்டு நிற்பதை அவர்கள் அப்படிச் சொன்னார்கள். நாமோ வீட்டுக்கு வந்தவருக்குக் கதிரையைக் காட்டி "இரிங்க" என்போம். தமிழ்நாட்டில் அதற்கு உட்காருங்கள். அமர்வதற்கும் உலகில் இருப்பதற்கும் நமக்கு ஒரே சொல். சரி, நில் என்பதிலிருந்து வந்த நிலவுதலும் தமிழில் உண்டே என்று அவரே எடுத்துக்காட்டினார். தன் கருத்துக்கு இடைஞ்சலானதையும் மறைக்காத அந்தக் குணம் எனக்கு மிகவும் பிடிக்கும்.

இந்து நாகரிகப் பாடத்துக்காக மனனம் செய்த சைவ சித்தாந்த நூலான சிவஞானபோதத்தை அளவையியல் வகுப்புக்குள் கொண்டுவந்ததும் அவர்தான். மூன்றாம் சூத்திரம், "உளதிலது என்றலின்" என்று தொடங்குவது. நான் இந்த உடலா? இல்லை. கண்ணா, காதா? இல்லை. இப்படி ஒவ்வொன்றாகத் தள்ளிக்கொண்டு போனால், இல்லை இல்லை என்று சொல்லும் ஒன்று மிஞ்சும். அது உளது, அதுவே உயிர் என்கிறார் 13ஆம் நூற்றாண்டு மெய்கண்டார். பக்கத்திலேயே பிரெஞ்சு மெய்யியலாளர் டேக்கார்ட் 1637இல் எழுதிய "சிந்திக்கிறேன், ஆகவே இருக்கிறேன்" என்பதையும் கரும்பலகையில் எழுதினார். நாங்கள் கைதட்டினோம், நம்மவர் முந்திவிட்டார் என்று. அவர் கையைக் காட்டி நிறுத்தி, அதே சூத்திரத்தில் வரும் "உணர்த்த உணர்தலின்" என்பதன் கீழ்க் கோடிட்டார். டேக்கார்ட்டுக்குத் தன் சிந்தனையே தன் இருப்புக்குப் போதுமான சான்று. மெய்கண்டாரின் உயிரோ உணர்த்தினால்தான் உணரும், உணர்த்துபவன் இறைவன்.

நான் மெய்கண்டார் பக்கம். எழுத்து, கணக்கு, கடவுள் எதையும் இன்னொருவர் காட்டாமல் நான் கண்டதில்லை. இலண்டனிலும் ரொறன்ரோவிலும் இருக்கும் வகுப்புத் தோழர்கள் சிலர் இன்னும் டேக்கார்ட்டை விடுவதாக இல்லை. அவர்களுடைய மறுப்பை அடுத்த மலரில் வாசிக்க ஆவலாக இருக்கிறேன்.