இங்கேதான் நடந்ததா?

காலை 8.15 மணிக்கு எடின்பரோவின் பழைய நகரத்தில், பெயர்ப் பட்டியலைக் கையில் வைத்துக்கொண்டு வண்டிக்குப் பக்கத்தில் நிற்பேன். எனக்கு வர வேண்டிய ஆட்கள் யாரென்று தூரத்திலேயே தெரிந்துவிடும். கட்டம் போட்ட கம்பளிச் சால்வை, புதிதாக வாங்கிய மழைக்கோட்டு, சீக்கிரமே வந்து காத்திருக்கும் ஆர்வம். பலர் அமெரிக்காவிலிருந்து முந்தின நாள்தான் வந்து இறங்கியிருப்பார்கள். ‘அவுட்லாண்டர்’ தொடர் எடுத்த கோட்டைகளை ஒரே நாளில் சுற்றிப் பார்க்க வந்தவர்கள். பதினாறு பேர் உட்காரும் மினிபஸ். டிரைவரும் நான்தான், கைடும் நான்தான். காதோரம் மாட்டிய மைக்கில் பேசிக்கொண்டே ஓட்ட வேண்டும். ஆறு வருடமாக இதுதான் என் வேலை.

தொடரைப் பார்க்காதவர்களுக்காக இரண்டு வரி. டயானா கபால்டன் 1991இல் எழுதிய நாவல், 2014இல் தொலைக்காட்சித் தொடராக வரத் தொடங்கியது. இரண்டாம் உலகப்போர் முடிந்த 1945இல் ஒரு நர்ஸ், ஸ்காட்லாந்தின் மலைப்பக்கம் நட்டு வைத்த பழங்கால நெடுங்கற்களுக்கு நடுவே நின்று, 1743க்குப் போய்ச் சேர்ந்துவிடுகிறாள். அங்கே காதல், சிறை, சவுக்கடி, போர். கதை முழுக்கக் கற்பனை. ஆனால் அதைச் சுற்றி நடப்பது கற்பனை இல்லை. தன் குடும்பம் இழந்த பிரிட்டிஷ் அரியணையை மீட்க 1745இல் இளவரசர் சார்லஸ் எட்வர்ட் ஸ்டூவர்ட் தொடங்கிய கிளர்ச்சியும், 1746 ஏப்ரல் 16ஆம் தேதி கல்லோடன் மைதானத்தில் அது முறிந்துபோனதும் நிஜம்.

வேலைக்குச் சேர்ந்த முதல் வருடம் நான் நிறையப் படித்தேன். கோட்டை கோட்டையாகக் குறிப்பெடுத்தேன். ஊரைவிட்டு வந்தவன், தப்பாக எதையும் சொல்லிவிடக் கூடாது என்ற பயம். அந்தப் பயத்தினாலேயே ஒரு தவறு செய்தேன்.

பிளாக்னஸ் கோட்டை. ஃபோர்த் கழிமுகத்தின் தென்கரையில், கடலுக்குள் மூக்கை நீட்டிக்கொண்டு நிற்கிறது. 1440களில் ஜார்ஜ் கிரைட்டன் கட்டியது. நீரின் பக்கமிருந்து பார்த்தால் கரைதட்டிய கப்பல் போலவே இருக்கும். அதனால் ஓடாத கப்பல் என்று அதற்குப் பெயர். தொடரில் இதுதான் ஃபோர்ட் வில்லியம். நாயகனை ஆங்கிலேயத் தளபதி சவுக்கால் அடிக்கும் காட்சியை இந்த முற்றத்தில்தான் எடுத்தார்கள். முற்றம் என்றால் சமதளம் இல்லை, வெறும் பாறை. மேடும் பள்ளமுமாக, மழை பெய்தால் வழுக்கும். அன்றைக்கு வந்திருந்த ஒரு இளம்பெண் அந்தப் பாறையில் நின்று, தாழ்ந்த குரலில், “இங்கேதான் நடந்ததா?” என்று கேட்டார்.

நான் உடனே சொன்னேன். “இல்லை. நிஜமான ஃபோர்ட் வில்லியம் இங்கிருந்து வெகு தூரம், வடமேற்கே மலைப்பக்கம். ரயில் பாதை போடுவதற்காக அதில் பெரும்பகுதியை இடித்துவிட்டார்கள். நீங்கள் சொல்லும் ஆட்கள் யாரும் வாழ்ந்தவர்கள் இல்லை. படப்பிடிப்பு மட்டும் இங்கே.”

ஒவ்வொரு சொல்லும் சரி. அவர் “ஓ” என்றார். அதற்கப்புறம் வண்டி எடின்பரோ திரும்பும் வரை அவர் என்னிடம் எதுவும் கேட்கவில்லை. அடுத்துப் பார்த்த லின்லித்கோ அரண்மனையில் கேட்கவில்லை, டூன் கோட்டையில் கேட்கவில்லை. இறங்கும்போது நன்றி சொன்னார். அன்று ராத்திரி எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. அந்தப் பெண் கேட்ட கேள்வி நான் பதில் சொன்ன கேள்வி இல்லையென்று பட்டது. எவனோ ஒருவன் நடித்ததைப் பார்த்து அவருக்கு வலித்திருக்கிறது. அந்த வலிக்கு இந்தக் கல்லில் ஏதாவது ஆதாரம் இருக்கிறதா என்று கேட்டிருக்கிறார். நானோ இல்லையென்று சொல்லி அனுப்பிவிட்டேன்.

ஆதாரம் இருந்தது. நான் நின்ற இடத்திலிருந்து இருபது, முப்பது அடி எடுத்து வைத்தால் போதும்.

கடலைப் பார்த்த வடக்குக் கோபுரத்தின் அடியில் ஒரு குழிச்சிறை உண்டு. கடலலை ஏறும்போது தண்ணீர் உள்ளே வந்துவிடும். ஒரு நாளைக்கு இரண்டு முறை. கீழே குனிந்து பார்த்தால் கல்லில் பச்சையாக ஈரம், உப்பும் பாசியும் கலந்த வாடை. ராஜாவின் திருச்சபையை ஏற்க மாட்டோம் என்ற கவனன்டர்கள் பலரை 17ஆம் நூற்றாண்டில் இந்தக் கோட்டையில்தான் அடைத்து வைத்தார்கள். அதே கோட்டையின் நடுக்கோபுரத்தில், பெரிய இடத்துக் கைதிகளுக்குக் கணப்பும் சன்னலும் கொண்ட அறைகள். 1543இல் கத்தோலிக்கத் திருச்சபையின் பெரிய தலைவரான கார்டினல் பீட்டன் கைதியாக இருந்ததும் இங்கேதான். ஒரே சிறை, யார் எந்த மாடி என்பதை அவரவர் பிறப்பு தீர்மானித்தது.

இப்போதெல்லாம் “இங்கேதான் நடந்ததா?” என்று யாராவது கேட்டால், “வாருங்கள், நடந்ததைக் காட்டுகிறேன்” என்று அந்தக் கோபுரத்துக்குக் கூட்டிப் போய்விடுவேன். அதிகம் பேச மாட்டேன். அலைச் சத்தம் கேட்கும். அது போதும்.

இன்னொரு கேள்வியும் அடிக்கடி வரும். “நீங்கள் எப்படி இங்கே?” மரியாதையாகத்தான் கேட்பார்கள். எனக்குச் சொந்த ஊர் சிதம்பரம் பக்கம். பரங்கிப்பேட்டை கூப்பிடு தூரம். 1745 கிளர்ச்சியில் இளவரசர் பக்கம் நின்று, பிடிபட்டு, பிறகு மன்னிப்புப் பெற்றவர் மெக்லியோட் பிரபு. அதே மனிதர் 1777இல் பிரிட்டிஷ் ராணுவத்துக்காக மலைநாட்டு வீரர்களைக் கொண்டு ஒரு ரெஜிமென்ட் திரட்டினார். அது 1780இல் சென்னைக்குக் கப்பலில் வந்து, 1781இல் பரங்கிப்பேட்டையில் ஹைதர் அலியின் படையோடு மோதியது. “உங்கள் தொடரில் வருகிற ஆட்களின் பிள்ளைகள் எங்கள் ஊருக்கு வந்தார்கள், நான் இங்கே வந்திருக்கிறேன்” என்பேன். வண்டிக்குள் கொஞ்ச நேரம் பேச்சே இருக்காது. ராஜாவை எதிர்த்துத் தோற்ற ஒருவர், அடுத்த தலைமுறையை அந்த ராஜாவின் பேரனுக்காக அவ்வளவு தூரம் கூட்டிவந்து சாகக் கொடுத்திருக்கிறார். எனக்கு அது இன்னும் ஜீரணமாகவில்லை.

மிட்ஹோப்பைப் பற்றிச் சொல்ல வேண்டும். நாயகனின் பூர்விக வீடாகத் தொடரில் வருவது இந்தச் சின்னக் கோட்டைதான். 16ஆம் நூற்றாண்டுக் கோபுர வீடு, ஹோப்டவுன் எஸ்டேட்டுக்குள் இருக்கிறது. வெளியே பார்க்க முழு வீடு; உள்ளே பாழடைந்து கிடக்கிறது. வளைவு வாசலைத் தாண்டி, படிக்கட்டுக் கதவு வரைக்கும் போகலாம், அவ்வளவுதான். உள்ளே நடப்பதாகக் காட்டும் காட்சிகள் எல்லாம் கம்பர்னால்ட் ஸ்டுடியோவில் அரங்கம் போட்டு எடுத்தவை. ஆனாலும் மற்ற எந்த இடத்திலும் அழாதவர்கள் இங்கே அழுவார்கள். பூட்டிய கதவின் முன்னால் நின்று படம் எடுத்துக்கொண்டு, சும்மா இன்னும் ஐந்து நிமிடம் நிற்பார்கள்.

ஒரு நாள் அந்த இடம் பார்வையாளர்களுக்கு மூடியிருந்தது. முன்கூட்டியே அறிவித்திருக்கிறார்கள்; நான் அப்போது வேலை பார்த்த அலுவலகம் எனக்குச் சொல்லவில்லை. பதினான்கு பேரோடு வாயிலில் போய் நின்றேன். திரும்ப வேண்டியதாயிற்று. ஈடுகட்டலாம் என்று பக்கத்திலிருந்த ஆபர்கார்ன் தேவாலயத்துக்கு ஓட்டினேன். நல்ல இடம். ஏழாம் நூற்றாண்டிலேயே பிஷப் இருந்த ஊர். பழைய சிலுவைக் கற்களும், முதுகு வளைந்த மாதிரி செதுக்கிய கல்லறைக் கற்களும் இருக்கின்றன. நான் ஆசை ஆசையாகச் சொல்லிக்கொண்டே போனேன். யாரும் கேட்கவில்லை. ஒரு அம்மா மட்டும் என் தோளைத் தொட்டு, “நீங்கள் ரொம்ப முயற்சி செய்கிறீர்கள், தெரிகிறது. எங்களைக் கொஞ்சம் சும்மா இருக்க விடுங்கள்” என்றார். பன்னிரண்டாயிரம் மைல் பறந்து ஒரு வாசலைப் பார்க்க வந்தவர், நியூசிலாந்துக்காரர். அவருடைய ஏமாற்றத்தின் மேல் நான் ஏழாம் நூற்றாண்டைக் கொட்டிக்கொண்டிருந்தேன். மைக்கை அணைத்துவிட்டு, லின்லித்கோ போகும் வரை பேசாமல் ஓட்டினேன். அலுவலகம் மறுநாள் பணத்தில் ஒரு பகுதியைத் திருப்பித் தந்தது; என்னிடம் யாரும் வருத்தம்கூடத் தெரிவிக்கவில்லை. அந்த அலுவலகத்தில் அப்புறம் நான் அதிக நாள் இருக்கவில்லை.

லின்லித்கோ அரண்மனையில் பேச்சு தானாகவே வரும். ஏரிக்கரை மேட்டில், கூரையில்லாத பெரிய கல் மாளிகை. ராணி மேரி பிறந்தது இங்கே, 1542 டிசம்பரில். தொடரில் இதன் நடைகள்தான் வென்ட்வொர்த் சிறை. பார்க்கவே மனம் கனக்கும் காட்சிகள் அவை. ரசிகர்கள் அந்த நடையில் வேகமாக நடந்து கடந்துவிடுவார்கள். முற்றத்துக்கு வந்ததும் மூச்சு விடுவார்கள். நடுவில் ஐந்தாம் ஜேம்ஸ் 1538இல் வைத்த மூன்றடுக்கு நீரூற்று. 1745 செப்டம்பரில் இளவரசர் சார்லஸ் வந்தபோது அதில் ஒயின் ஓடவிட்டார்களாம். ஐந்து மாதம்கூட ஆகவில்லை. 1746 பிப்ரவரி தொடக்கத்தில் கம்பர்லாண்ட் பிரபுவின் படை இங்கே தங்கிக் கிளம்பிய நேரத்தில் அரண்மனை தீப்பிடித்து எரிந்தது. அதற்கப்புறம் கூரை வரவே இல்லை.

நான் கம்பர்லாண்ட் என்று சொன்னதுமே வண்டியில் வந்தவர்கள் அத்தனை பேரும் நிமிர்ந்துவிடுவார்கள். கல்லோடனில் வென்றவர் யாரென்று அவர்களுக்கு மனப்பாடம். பள்ளிப் பிள்ளைகளோடும் இதே இடத்துக்கு நான் வந்திருக்கிறேன். அவர்களிடம் அந்தப் பெயருக்கு எந்தச் சலனமும் இல்லை. தொடர் பார்த்தவர்கள் கரிந்த சுவரை அண்ணாந்து பார்க்கிற பார்வையே வேறு. முதல் வருடம் இவர்களை வரலாறு தெரியாதவர்கள் என்று நினைத்திருந்தேன். பாதி வரலாற்றை மனசுக்குள் வைத்துக்கொண்டு வருகிறவர்கள் இவர்கள்தான்.

போன அக்டோபரில் ஒரு தம்பதி வந்தார்கள். வட இங்கிலாந்துக்காரர்கள், எழுபது வயதை ஒட்டி. அம்மாவுக்கு ஒவ்வொரு காட்சியும் தெரியும். ஐயா ஒரு பகுதிகூடப் பார்த்ததில்லை. வாழ்நாள் முழுக்கக் கல்தச்சு வேலை செய்து ஓய்வு பெற்றவர். லின்லித்கோவின் வடக்குப் பகுதியில் அவர் என்னை நிறுத்தி, சுவரைக் காட்டினார். உயரத்தில், எட்டவே முடியாத இடத்தில், ஒரு கணப்பு. அதற்கு மேலே இன்னொன்று. காலடியில் தரை இல்லாமல் அந்தரத்தில் தொங்குகின்றன. “கணப்பு எங்கே இருக்கிறதோ அதற்குக் கீழே ஒரு தரை இருந்தது. இதோ பாருங்கள், உத்தரம் செருகிய குழிகள் வரிசையாக இருக்கின்றன. ஒன்று, இரண்டு, மூன்று. எத்தனை மாடி, எத்தனை அறை என்று இப்படித்தான் எண்ண வேண்டும்” என்றார். அந்தப் பகுதி 1607இல் இடிந்து விழுந்து, 1618க்கு அப்புறம் மறுபடி கட்டியது என்று எனக்குத் தெரியும். நூறு தடவைக்கு மேல் சொல்லியிருக்கிறேன். அதைச் சுவரில் படிக்கக் கற்றது அன்றைக்குத்தான். அதிலிருந்து எல்லாரையும் அங்கே நிறுத்தி எண்ணச் சொல்கிறேன்.

அன்று கடைசியாக டூன் கோட்டை. டீத் ஆற்றங்கரையில், ஸ்டிர்லிங்குக்குப் பக்கம். தொடரில் நாயகனின் மாமா வீடு. அதன் அடுப்படியில் கணப்பின் வாய் மட்டும் சுமார் 18 அடி அகலம். ஒரு முழு எருதை வாட்டலாம் என்பார்கள். கட்டியவர் ஆல்பனி பிரபு ராபர்ட் ஸ்டூவர்ட். ராஜாவின் தம்பி. அண்ணன் மகன் 1402இல் இவருடைய காவலில் இருக்கும்போதே இறந்துபோனான். இன்னொரு மகன் ஜேம்ஸை 1406இல் கடலில் ஆங்கிலேயர்கள் பிடித்துப் பதினெட்டு வருடம் வைத்திருந்தார்கள். அத்தனை காலமும் நாட்டை ஆண்டது முதலில் ஆல்பனி, அவருக்குப் பின் அவர் மகன். ஜேம்ஸ் திரும்பி வந்ததும், 1425இல் அந்த மகனின் தலை போனது. கோட்டை அரசுக்குப் போனது.

முற்றத்தின் தெற்கு மதிலில் பெரிய சன்னல்கள் இருக்கின்றன. உள்பக்கம் அவற்றுக்கு அறை இல்லை, புல்தரைதான். அங்கே இன்னும் கட்டடங்கள் எழுப்பத் திட்டம் இருந்திருக்கிறது. சன்னல்களை வைத்துவிட்டார்கள், கட்டடம் வரவே இல்லை. இதை நான் சொன்னதும் அந்த அம்மா, “அப்படியென்றால் இதுவும் செட் மாதிரிதானா? முன்பக்கம் மட்டும்?” என்று கேட்டார்.

ஐயா பதில் சொல்லாமல் மதிலருகே போனார். தூறல் விழுந்துகொண்டிருந்தது. சன்னல் திறப்பின் ஓரத்தில் கையை வைத்து, தோள் வரைக்கும் நீட்டி, சுவரின் கனத்தை அளந்தார். ஏழடி இருக்கும் அந்த மதில், நாற்பதடி உயரம். கை பாதிக்குக்கூடப் போகவில்லை. கன்னம் கல்லில் பட, இன்னும் எட்டிப் பார்த்தார். “செட்டுக்கு யாரும் இப்படிக் கல் அடுக்க மாட்டார்கள். கட்டப்போகிறோம் என்று நம்பித்தான் அடுக்கியிருக்கிறார்கள்” என்றார்.

அந்த அம்மாவும் பக்கத்தில் போய்க் கையை வைத்தார். அப்புறம் மற்றவர்களும், ஒவ்வொருவராக. நாலரை மணிக்குக் கிளம்பியிருக்க வேண்டும். மணி 4.50. நான் யாரையும் கூப்பிடவில்லை.