பெற்றோர் உரிமையைப் பறிக்கும் தீர்ப்பு

அமெரிக்காவில் குழந்தைகள் தொடர்பான வழக்குகளில் வழங்கப்படும் தீர்ப்புகளிலேயே, பெற்றோர் உரிமையை நிரந்தரமாக நீக்கும் தீர்ப்பே மிகக் கடுமையானது என்று கருதுகிறேன். அதன்பின் பெற்ற தாய் சட்டத்தின் பார்வையில் அந்நியராகிவிடுகிறார். பிள்ளையைப் பார்க்கவோ, எங்கே வளர்கிறது என்று கேட்கவோ அவருக்கு உரிமையில்லை, பிறர் தத்தெடுக்க அவருடைய சம்மதமும் தேவையில்லை.

இவ்வளவு பெரிய முடிவுக்கு எத்தகைய சான்று வேண்டும்? நியூயார்க்கில் சாதாரண உரிமையியல் வழக்குகளுக்குரிய அளவுகோலே, அதாவது ஒரு தரப்பின் சான்று சற்றே மேலோங்கினால் போதும் என்பதே, முன்பு இதற்கும் பொருந்தியது. 1982-இல் சான்டோஸ்கி வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை மறுத்து, தெளிவான, நம்பத்தக்க சான்று இருந்தாக வேண்டும் என்றது. பழங்குடியினக் குழந்தைகளுக்கான 1978-ஆம் ஆண்டுச் சட்டமோ ஐயத்துக்கு இடமற்ற சான்றையே கேட்கிறது.

என்னை மிகவும் உறுத்துவது காலக்கெடுதான். 1997-ஆம் ஆண்டின் கூட்டாட்சிச் சட்டப்படி, ஒரு குழந்தை கடைசி 22 மாதங்களில் 15 மாதங்கள் அரசின் பராமரிப்பில் இருந்துவிட்டால், உரிமை நீக்க மனுவை மாநிலம் தாக்கல் செய்தாக வேண்டும். இதன் நோக்கத்தை நான் குறை கூறவில்லை, ஏனெனில் நிலையான வீடில்லாமல் ஒரு வளர்ப்பு இல்லத்திலிருந்து இன்னொன்றுக்கு மாற்றப்படும் சிறு குழந்தைக்கு ஓராண்டு என்பதே மிக நீண்ட காலம். ஆனால் போதைப் பழக்கத்திலிருந்து மீள்வதற்கும், வாடகை வீடு தேடுவதற்கும், சிறைத்தண்டனையை முடிப்பதற்கும் அந்த 15 மாதங்கள் பல பெற்றோருக்குப் போதுவதில்லை. குழந்தை உறவினரிடம் வளர்ந்தாலோ, குடும்பத்துக்குத் தர வேண்டிய உதவிகளை அரசு தராதிருந்தாலோ, மனு குழந்தையின் நலனுக்கு ஒவ்வாது என்பதற்கு வலுவான காரணம் இருந்தாலோ மாநிலம் மனுவைத் தவிர்க்கலாம். "எனக்கு உதவி தரப்படவில்லை" என்பதை ஆவணங்களோடு எடுத்துவைக்க வழக்கறிஞர் வேண்டும்.

அந்த வழக்கறிஞரைத்தான் அரசியலமைப்பு எல்லோருக்கும் உறுதிசெய்யவில்லை. ஏழைப் பெற்றோருக்கு வழக்கறிஞர் தேவையா என்பதை ஒவ்வொரு வழக்கின் தன்மையையும் பார்த்தே முடிவு செய்யலாம் என்று 1981-இல் லாசிட்டர் வழக்கில் உச்ச நீதிமன்றத்தில் ஐந்துக்கு நான்கு என்ற பெரும்பான்மையில் தீர்ப்பாயிற்று. பெரும்பாலான மாநிலங்கள் தம் சொந்தச் சட்டங்களின் மூலம் வழக்கறிஞரைத் தருகின்றன என்பது உண்மையே. ஆயினும் பிள்ளையை இழக்கும் அபாயத்தில் நிற்பவருக்கு இது மாநிலத்தைப் பொறுத்த சலுகையாக இருப்பது எனக்கு அநீதியாகவே படுகிறது. நீதிமன்றப் பதிவுகளைத் தயாரிக்க 2,352 டாலர் கட்ட இயலாத ஒரு தாயின் மேல்முறையீட்டை அக்காரணத்துக்காகவே மறுக்கக் கூடாது என்று 1996-இல் மிசிசிப்பி வழக்கொன்றில் அதே நீதிமன்றம் கூறியது.

உரிமை நீக்கப்பட்ட எல்லாக் குழந்தைகளுக்கும் புதிய பெற்றோர் கிடைத்துவிடுவதில்லை. சட்டப்படி பெற்றோரே இல்லாமல் வளரும் இத்தகைய பிள்ளைகளுக்காகச் சில மாநிலங்கள் கதவைச் சற்றே திறந்து வைத்திருக்கின்றன. கலிபோர்னியாவில் மூன்றாண்டுகள் கடந்தும் தத்தெடுக்கப்படாத குழந்தை, தன் பெற்றோரின் உரிமையை மீட்டுத் தருமாறு தானே நீதிமன்றத்தில் மனுச் செய்யலாம். தாய்க்கோ தந்தைக்கோ அல்லாமல் குழந்தைக்கு இந்த உரிமையைக் கொடுத்திருப்பதே இதில் நான் மிகவும் மதிக்கும் அம்சம்.