கம்பி வைத்த காலுக்கு இரண்டு குறியீடு

மலேசியாவின் சுங்கை சிப்புட் போன்ற தோட்டப் பட்டணத்தில் "கால்ல கம்பி வெச்சிருக்கு" என்பது பழகிப்போன பேச்சு. செம்மண் சாலையில் மோட்டார் சறுக்கும், செம்பனைக் குலை மேலே விழும், முழங்காலுக்குக் கீழே எலும்பு முறியும். முறிந்த எலும்பைச் சேர்த்துப் பிடிக்கும் அந்தக் கம்பியை, அதாவது உலோக பிளேட்டை, வைக்கும் அறுவை பெரும்பாலும் ஈப்போ மாதிரியான பெரிய ஊரில் நடக்கிறது. மாதங்கள் கழித்துப் புண் கசியத் தொடங்கும்போது ஆள் வந்து நிற்பது பக்கத்து மாவட்ட மருத்துவமனையில். வார்டிலிருந்து அவர் வீட்டுக்குப் போனதும் கோப்பு மருத்துவப் பதிவுப் பிரிவுக்கு வருகிறது. அறுவைக் குறிப்பு வேறு ஊரில், சீழ் இந்த ஊரில். கோப்பைப் படித்து நோய்க்கும் சிகிச்சைக்கும் குறியீடு போடுகிறவரின் சிரமம் இங்கேதான் ஆரம்பம்.

நோய்களை வகைப்படுத்தும் உலகளாவிய ஐ.சி.டி-10 முறைப்படி இப்படிப்பட்ட சிக்கல் ஒன்றுக்குக் குறைந்தது இரண்டு குறியீடு வேண்டும். என்ன கெட்டுப்போனது என்பதை டி80 முதல் டி88 வரையுள்ள வரிசை (ஆங்கில T) சொல்லும். எதனால் என்பதை ஒய் வரிசை சொல்லும். வேலை குவிந்து கிடக்கும் நாளில் விட்டுப்போவது ஒய் குறியீடுதான். என் பார்வையில் அதுவே கூடுதல் முக்கியம். கை தவறியதா, கருவி பழுதானதா, இரண்டும் இல்லாமலே உடம்பு ஏற்கவில்லையா என்று பிரித்துக் காட்டுவது அது ஒன்றுதான்.

ஒய்60 முதல் ஒய்69 வரை சிகிச்சையின்போது நேர்ந்த தவறுகள்: தவறுதலாக வெட்டியது, துளைத்தது, பொருளை உள்ளே மறந்தது. ஒய்70 முதல் ஒய்82 வரை கருவி உடைந்தது அல்லது சரியாக இயங்காதது. ஒய்83, ஒய்84 இரண்டும் அறுவையில் தவறு எதுவும் குறிப்பிடப்படாமல் பின்னால் வந்த சிக்கலுக்கு. ஒரே பிளேட்டை வைத்தே இதைப் பார்க்கலாம். பிளேட் முழுசாக இருக்கிறது, சுற்றிலும் கிருமித் தொற்று. டி84.6, கூடவே ஒய்83.1. சீழ்ப் பரிசோதனையில் ஸ்டஃபிலோகாக்கஸ் ஆரியஸ் வந்து, அதுதான் காரணம் என்று மருத்துவர் எழுதியிருந்தால் பி95.6-ஐயும் சேர்க்க வேண்டும். பிளேட்டே இரண்டாக உடைந்திருந்தால் கதை வேறு. டி84.1, கூடவே ஒய்79.2.

பிளேட் ஏன் உடைகிறது என்று தெரிந்திருப்பதும் இந்த வேலைக்கு உதவும். எலும்பு கூடும் வரைக்கும் பாரத்தைத் தாங்கத்தான் அந்த உலோகம். எலும்பு கூடாமலே போனால் ஒவ்வோர் அடியிலும் அது கொஞ்சம் வளைந்து நிமிரும். பல்லாயிரம் தடவை வளைந்தபின் பெரும்பாலும் ஸ்குரூ துளையருகே விரிசல் விடும். ஆகவே உடைந்த பிளேட்டைக் கண்டால் எலும்பு கூடியதா என்று எக்ஸ்ரே அறிக்கையில் தேடுங்கள். கூடவில்லை என்று மருத்துவர் பதிந்திருந்தால் எம்84.1-ம் உண்டு. அதை விட்டுவிட்டால், பிளேட் தரமற்றது என்ற எண்ணம்தான் பதிவைப் படிப்பவருக்கு வரும்.

மிக அதிகமாகத் தடுமாற வைப்பது ஆர்.ஓ.ஐ. (ரிமூவல் ஆஃப் இம்பிளாண்ட், உடலுக்குள் வைத்த பொருளை எடுத்தல்) என்ற மூன்றெழுத்து. கம்பியை எடுத்தார்கள் என்பதைத் தவிர அது ஒன்றும் சொல்வதில்லை. எலும்பு நன்றாகக் கூடி, வேலை முடிந்த கம்பியை எடுத்திருந்தால் அது சிக்கலே அல்ல, இசட்47.0. தொற்றினால் எடுத்திருந்தால் டி84.6. கீழ்க்கால் எலும்பிலிருந்து எடுத்ததற்கான செய்முறைக் குறியீடு, செய்முறைகளுக்குப் பயன்படுத்தும் ஐ.சி.டி-9-சி.எம்.-இல், இரண்டுக்கும் 78.67 என்பதால் அதை வைத்துக் கண்டுபிடிக்க முடியாது. மருந்துத் தாளைத் திறந்து பாருங்கள். தொற்றாக இருந்தால் இரத்தநாளம் வழி ஆன்டிபயாடிக் வாரக்கணக்கில் ஓடியிருக்கும். புண்ணின் செத்த சதையை வெட்டி எடுத்த 86.22 கூட இருக்கும். இத்தனையும் இருந்தும் டிஸ்சார்ஜ் சுருக்கத்தில் தொற்று என்ற சொல்லே இராது.

அந்த இடத்தில் நாமாக முடிவுகட்டக் கூடாது. கம்பியும் இருக்கிறது, சீழும் இருக்கிறது என்பதால் கம்பியால் சீழ் என்று ஆகிவிடாது. சிறுநீர்க் குழாய் வைத்தவருக்கு வரும் தொற்றும் அப்படியே. குழாயால் வந்தது என்று மருத்துவர் எழுதினால்தான் டி83.5, இல்லாவிட்டால் வெறும் என்39.0. எழுதாதபோது கேட்க வேண்டும். கேட்கும் விதமும் முக்கியம். "டாக்டர், இது இம்பிளாண்ட் தொற்றுதானே?" என்றால் பதிலை நாமே ஊட்டுகிறோம். பரிசோதனைத் தேதி, கிருமியின் பெயர், கொடுத்த மருந்து, எத்தனை நாள் என்பதை வரிசையாக எழுதி, "கம்பியை எடுத்த காரணத்தைத் தயவுசெய்து பதியுங்கள்" என்று நிறுத்திக்கொள்வதே நேர்மை. பதிலும் வாய்ப்பேச்சாகப் போகாமல் கோப்பில் ஏற வேண்டும்.

அறுவைக் கருவிகளால் நேரும் சேதம் டிஸ்சார்ஜ் சுருக்கத்துக்கு வருவதே அரிது. அறுவைக் குறிப்பை வரி வரியாகப் படித்தால்தான் கிடைக்கும். குடலைத் தவறுதலாகக் கிழித்துத் தைத்திருந்தால் டி81.2, ஒய்60.0. ஒட்டிப்போன குடலைப் பிரிக்க வேண்டுமென்றே வெட்டியதை அதில் போட்டால் செய்யாத பிழையை அந்த மருத்துவர் தலையில் கட்டுகிறோம். துணிப்பஞ்சு உள்ளே தங்கிவிட்டால் டி81.5, ஒய்61.0. எண்ணிக்கை சரி என்று தாளில் இருந்தும் பின்னால் பஞ்சு கிடைப்பதுண்டு. எக்ஸ்ரேயில் தெரியும் இழையை அந்தப் பஞ்சில் வைத்து நெய்வதே அதற்காகத்தான். டிரில் முனை எலும்புக்குள் ஒடிந்து, தோண்டி எடுத்தால் சேதம் கூடும் என்று தெரிந்தே விட்டுவைப்பதும் நடக்கும். டி81.5 தவறுதலாக விட்டதற்கான குறியீடு. இங்கே அதை உடனே போடாமல் முதலில் மருத்துவரிடம் கேட்க வேண்டும். கருவி ஒடிந்ததைச் சொல்ல ஒய்79.3 இருக்கிறது.

இரத்தநாளத்தில் வைக்கும் டயாலிசிஸ் குழாயைப் பற்றியும் ஒரு வார்த்தை. "குழாய் அடைத்துக்கொண்டது" என்பது போதாது. மடங்கியோ நகர்ந்தோ அடைத்தால் டி82.4, இரத்தம் உறைந்து அடைத்தால் டி82.8, தொற்று என்றால் டி82.7.

2022 ஜனவரி முதல் நடப்புக்கு வந்த ஐ.சி.டி-11 கேடு, அதன் காரணம், அது நேர்ந்த விதம் என்ற மூன்றையும் ஒரே கொத்தாகக் கோக்கச் சொல்கிறது. ஒய் குறியீட்டைத் தள்ளிவைக்கும் பழக்கம் அங்கே செல்லாது. ஆனால் எந்தக் குறியீடும் பிளேட்டின் தயாரிப்பாளரையோ தொகுதி எண்ணையோ சொல்லாது. 2012-ஆம் ஆண்டின் மருத்துவச் சாதனச் சட்டம், சட்டம் 737, சாதனக் கோளாறுகளைத் தெரிவிக்கும் கடமையைத் தனியாக வைத்திருக்கிறது. அதற்கு வேண்டியது இம்பிளாண்ட் பெட்டியிலிருந்து உரித்து அறுவைக் குறிப்பில் ஒட்டும் ஸ்டிக்கர். கம்பி வைத்துக்கொண்டு ஊர் திரும்புகிறவர்கள் அந்த ஸ்டிக்கரின் நகலை அறுவை செய்த இடத்திலேயே கேட்டு வாங்கி, அப்பாயின்மென்ட் கார்டோடு வைத்துக்கொள்ளலாம். கால் மறுபடி வீங்கிய அன்று மாவட்ட மருத்துவமனை முகப்பில் அதை நீட்டினால், என்ன பிளேட், எப்போது வைத்தது என்று ஈப்போவுக்கு ஃபோன் போட்டுக் காத்திருக்க வேண்டியதில்லை.