சிங்கப்பூர் ஓட்டு: மன்னார்குடி டீக்கடைக்கு ஒரு விளக்கம்

பட்டுக்கோட்டை, மன்னார்குடி பக்கம் வீட்டுக்கு ஒருத்தர் சிங்கப்பூரில் இருப்பார். ஆனாலும் அந்த ஊர்த் தேர்தல் நம் டீக்கடையில் தப்பாகவே அலசப்படுகிறது. முதல் தப்பு, ஒர்க் பர்மிட்டில் போனவருக்கும் ஓட்டு உண்டு என்பது. 21 வயதான குடிமக்களுக்கு மட்டும்தான் உண்டு. வெளிநாட்டவர் பிரசார வேலையில் இறங்கவும் கூடாது.

குடிமகனுக்கு ஓட்டு கட்டாயம். தகுந்த காரணமில்லாமல் போடாவிட்டால் பட்டியலில் பெயர் போய்விடும். திரும்பச் சேர்க்க 50 வெள்ளி, அதாவது சிங்கப்பூர் டாலர்.

நமக்குப் புதிராக இருப்பது குழுத்தொகுதி. 1988-இல் வந்தது. நாலைந்து பேர் ஒரே அணியாக நிற்பார்கள், ஒருவராவது சிறுபான்மை இனத்தவர். ஓட்டு ஆளுக்கில்லை, அணிக்கு. ஜெயித்தால் மொத்தமாக உள்ளே, தோற்றால் மொத்தமாக வெளியே. அமைச்சரின் நிழலில் புதுமுகமும் கரையேறிவிடலாம். சின்னக் கட்சிக்கோ ஐந்து ஆள் தேற்றுவதே பாடு. 2025-இல் டெபாசிட் தலைக்கு 13,500 வெள்ளி. ஐவர் அணிக்கு 67,500. எட்டில் ஒரு பங்கு ஓட்டு வாங்காவிட்டால் அத்தனையும் போச்சு. நம்மூரில் ஆறில் ஒரு பங்கு.

எதிரணியே இல்லையென்றால் ஓட்டுப்பதிவும் இல்லை. மரின் பரேட்-பிராடல் ஹைட்ஸ் குழுத்தொகுதியில் 2025-இல் அதுதான் நடந்தது. அங்கே யார் விரலைத் தேடியும் பயனில்லை, நாடு முழுக்கவே மை வைப்பது கிடையாது!

அந்தத் தேர்தலில் ஆளும் மக்கள் செயல் கட்சி வாங்கிய ஓட்டு 65.57 சதவீதம், இடங்கள் 97-க்கு 87. இந்த இடைவெளிக்குக் குழுத்தொகுதியும் ஒரு காரணம்.