முஷ்டிக்கு ஒரு பெயர்

அக்கா மகள் இன்று அம்மாவின் லிப்ஸ்டிக்கை எடுத்துத் தன் முஷ்டியில் வாய் வரைந்துகொண்டு வந்து நின்றாள். "மாமா, இவ பேசுவா. கேக்கறீங்களா?"

கட்டைவிரல் மேலும் கீழும் அசைந்தது. குரல் அவளுடையதுதான், உதடும் அப்பட்டமாக அசைந்தது. சரி, ஆறு வயதுக்கு அது போதும்.

எனக்கு சென்யோர் வென்செஸ் ஞாபகம் வந்துவிட்டார். தன் உதடு அசையாமல் பொம்மையைப் பேசவைக்கிற வித்தைக்காரர். 1896-ல் ஸ்பெயினில் பிறந்தவர், அமெரிக்காவுக்குப் போய்ப் பிழைத்தவர். அங்கே சிபிஎஸ் தொலைக்காட்சியில் ஞாயிறு இரவுகளில் ஓடிய எட் சல்லிவன் பல்சுவை நிகழ்ச்சியில் திரும்பத் திரும்ப வந்த முகம். ஒரே வாரத்தில் அங்கே பாடகரும் வருவார், தட்டு சுழற்றுகிறவரும் வருவார். இவருக்குக் கிடைப்பது சில நிமிடங்கள்தான்.

அந்தச் சில நிமிடங்களில் மேடையிலேயே முஷ்டியில் உதடு வரைவார். மேலே ஒரு சின்ன விக், கீழே தலையில்லாத பொம்மை உடம்பு. அவ்வளவுதான், ஜானி தயார். கீச்சுக்குரலில் அவரையே எதிர்த்துப் பேசுவான்.

இன்னொருவன் பெட்ரோ. பெட்டிக்குள் இருக்கும் வெறும் பொம்மைத் தலை. 1936-ல் ஒரு ரயில் விபத்தில் உடல் நொறுங்கிப்போக, தலை மட்டும் மிஞ்சியதாம். மனிதர் புதுப் பொம்மை தேடவில்லை. தலையைப் பெட்டியில் வைத்து, மூடியைத் திறந்து "சரிதானே?" என்பார். உள்ளேயிருந்து கரகரவென்று "சரி!" என்று வரும். கூட்டம் அதற்கே சிரித்தது.

எண்பது வயது தாண்டியும், 1980-ல் மப்பெட் ஷோ என்ற பொம்மலாட்டத் தொலைக்காட்சி நிகழ்ச்சிக்கு வந்து அதே வித்தையைக் காட்டினார். 1999-ல் இறக்கும்போது வயது 103.

ஒரு கை, ஒரு பெட்டி. அதை வைத்தே இத்தனை வருடம்!

இவள் முஷ்டிக்கு இன்னும் பெயர் வைக்கவில்லையாம். லிப்ஸ்டிக் உடைந்தது அக்காவுக்கும் இன்னும் தெரியாது.