குதிரைக் கால்களில் சிவப்பும் பச்சையும்

பழைய படச்சுருள்களை ஸ்கேன் செய்து சீரமைப்பதுதான் என் பிழைப்பு. திரையில் எது உறுத்தினாலும் அழித்துவிடக் கை பரபரக்கும். 1911 டெல்லி தர்பாரை, அதாவது மன்னரின் முடிசூட்டு விழாவையொட்டி நடந்த படை அணிவகுப்பின் துண்டு ஒன்று, ஓர் ஆவணப்படத்துக்காக எங்களிடம் வந்தபோதும் அப்படித்தான். ஐந்தாம் ஜார்ஜ் மன்னர் முன்னால் குதிரைப்படை கடந்துபோகிறது. வேடிக்கை பார்ப்பவர்கள் தெளிவாக இருக்கிறார்கள். ஓடும் குதிரைகளின் கால்களில் மட்டும் ஒரு பக்கம் சிவப்பு, மறுபக்கம் பச்சை.

இது சுருள் கெட்டுப்போனதால் வந்ததல்ல. கினிமாகலர் என்ற அந்தக் காலத்து வண்ணப்பட முறையே அப்படி. சுருள் கறுப்பு வெள்ளைதான். சுழலும் வடிகட்டி வழியாக ஒரு ஃப்ரேம் சிவப்பில் பதியும், அடுத்தது பச்சையில். வினாடிக்குச் சுமார் 32 ஃப்ரேம். திரையிடும்போதும் அதே வடிகட்டிகள் சுழலும். கலப்பது நம் கண்ணின் வேலை. இரண்டு ஃப்ரேமுக்கு நடுவில் கால் நகர்ந்துவிட்டால் இரு நிறமும் ஒட்டாது.

இந்த தர்பார் படத்தின் தயாரிப்பாளர் சார்லஸ் அர்பன் அரச அணிவகுப்புகளை விரும்பியதில் ராஜபக்தி பாதி, வியாபாரம் பாதி என்றே எனக்குத் தோன்றுகிறது. இந்த முறைக்கு வெயில் நிறைய வேண்டும். டெல்லியில் டிசம்பரிலும் அது கிடைத்தது. நீலம் சரியாக வராது, சிவப்புச் சீருடை ஜொலிக்கும். போட்டியாளர்களுக்குப் பயந்து சுருள்களைக் கூடாரத்துக்கடியில் மணலில் புதைத்து வைத்ததாக அவரே சொல்லியிருக்கிறார். கொஞ்சம் விளம்பர வாசனை அடிக்கிறது, இருக்கட்டும். 1912 பிப்ரவரியில் லண்டன் ஸ்காலா அரங்கில் இரண்டரை மணி நேரத்துக்கு ஓடிய அந்தப் படத்தில் பெரும்பகுதி தொலைந்துவிட்டது. அணிவகுப்புச் சுருள் ஒன்று 2000-இல் ரஷ்யாவின் கிராஸ்னகோர்ஸ்க் ஆவணக் காப்பகத்தில் அகப்பட்டது.

"அந்தக் கலர் பிசிறை எடுத்துடுங்க தம்பி, நாம வேலையே பாக்கலைன்னு நினைப்பாங்க" என்றார் ஆவணப்பட இயக்குநர்.

"எடுக்கலாம் சார். ஆனா சாஃப்ட்வேர் நடுவுல ஒரு காலை அதுவா வரைஞ்சு வைக்கும். அப்படி ஒரு கால் எந்த ஃப்ரேம்லயும் இல்லை."

லண்டன்காரர்கள் பார்த்ததும் பிசிறோடுதான் என்று எடுத்துச் சொன்னேன். அவர் மசியவில்லை. டிவிக்குப் போன பிரதியில் கால்கள் சுத்தமாகிவிட்டன. பிசிறோடு இருக்கும் ஸ்கேனைத் தனி டிரைவில் போட்டு, 'இது பழுதல்ல, அழிக்காதே' என்று லேபிள் ஒட்டிக் கொடுத்தேன்.